ஆணி அடித்த பிறகு முன்னைவிட அதிகமாக ஆடும் நாற்காலி

நாலாவதுகால்:

சாப்பாட்டு மேசையோடு சேர்த்து வாங்கிய ஆறு மர நாற்காலிகளில் ஒன்று மூன்று மாதமாக ஆடுகிறது. வாங்கி 11 வருடம் ஆகிறது. உட்கார்ந்து பின்னால் சாய்ந்தால் ‘கிறீச்’ என்று ஒரு சத்தம். அடுத்த நொடி நாற்காலியே வலது பக்கம் சரிவது போல இருக்கும். வீட்டில் அதற்கு ‘விருந்தாளி நாற்காலி’ என்று பெயர் வைத்துவிட்டார்கள். எந்த மாதிரி விருந்தாளிக்கு என்று சொல்ல வேண்டியதில்லை.

இதுவரை நான் பார்த்த வைத்தியம்: முதலில் வலது பின்காலுக்கு அடியில் அட்டையை மடித்து வைத்தேன். இரண்டு நாள் தாங்கியது. பிறகு சூப்பர் குளூவை இடுக்கில் நாலு சொட்டு விட்டேன். ஒரு வாரம். கடைசியில் பொறுமை போய் 2 அங்குல ஆணி ஒன்றை வெளிப்பக்கமிருந்து அடித்து இறக்கினேன். ஆணி பாதி போனதும் மரத்தில் மயிரிழை மாதிரி ஒரு விரிசல் ஓடியது. பார்த்தும் பார்க்காதது போல மீதியையும் அடித்துவிட்டேன். இப்போது முன்னைவிட அதிகமாக ஆடுகிறது.

அப்பாவுக்கு 78 வயது. எழுந்திருக்கும்போது பக்கத்து நாற்காலியின் முதுகைப் பிடித்துக்கொண்டுதான் எழுவார். பயமே அதுதான். மற்ற மூன்று காலையும் கொஞ்சம் அறுத்துச் சமன் செய்துவிடலாமா? எவ்வளவு அறுப்பது என்று எப்படிக் கணக்கிடுவது?

இரும்புக்கை:

நாலு மூலைக்கும் இரும்பு எல் பட்டை வைத்து ஸ்குரூ போட்டு முறுக்குங்கள். பத்து நிமிட வேலை. என் வீட்டில் எல்லாவற்றுக்கும் அதுதான்.

கணக்குவாத்தியார்:

ரம்பத்தைக் கீழே வையுங்கள். ஆடுவது நாற்காலியா, தரையா என்று பார்த்தீர்களா?

முக்காலி எந்தத் தரையிலும் ஆடாது. மூன்று புள்ளிகள் எங்கே இருந்தாலும் அவற்றின் வழியே ஒரு தளம் போகும். நான்காவது புள்ளி வந்ததும்தான் வம்பு தொடங்குகிறது. நாற்காலியை அதே இடத்தில் கால்வட்டம், அதாவது 90 பாகை, திருப்பி வைத்துப் பாருங்கள். முன்பு தூக்கி நின்ற அதே கால் இப்போதும் தூக்கி நின்றால் குற்றம் நாற்காலியில். கால் மாறி, ஆட்டம் அறையின் அதே மூலையில் நின்றால் குற்றம் தரையில்.

தரைதான் காரணம் என்றால் கணிதம் ஒரு வழி சொல்கிறது. நான்கு கால்களும் ஒரே நீளமுள்ள சதுர மேசையை மேடு பள்ளமான தரையில் நடுவை நகர்த்தாமல் மெல்லச் சுழற்றினால், 90 பாகைக்குள் நான்கு கால்களும் தரையைத் தொடும் நிலை ஒன்று வந்தே தீரும். மற்ற மூன்றையும் தரையில் ஊன்றியபடி திருப்புவதாக வைத்துக்கொண்டால், அந்தரத்தில் நின்ற நான்காவது கால் கால்வட்டம் முடியும்போது தரைக்குள் புதைய வேண்டிய கணக்கு வருகிறது. மேலே இருந்தது கீழே போக வேண்டுமானால் நடுவில் எங்கோ சரியாகத் தொட்டுத்தான் போக வேண்டும். தரையின் சரிவு 15 பாகைக்குள் இருந்தால் இது செல்லும் என்று செர்ன் ஆய்வகத்தின் இயற்பியலாளர் ஆந்த்ரே மார்த்தன் 2005இல் எழுதிய கட்டுரையில் நிறுவியிருக்கிறார். ஒரு நிபந்தனை: தரை ஏறி இறங்கலாம், படிபோல வெட்டி நிற்கக் கூடாது. பக்கத்துக் கல்லைவிட எம்பி நிற்கும் தரைக்கல் இருந்தால் கணக்கு உதைக்கும். இன்னொன்று, ஆட்டம் நிற்குமே தவிர மேற்பலகை மட்டமாக இருக்கும் என்று யாரும் சொல்லவில்லை. உருண்டையான பென்சில் உருண்டு விழுந்தால் என்னைக் கேட்கக் கூடாது.

உளிச்சத்தம்:

வாத்தியார் சொன்னது மேசைக்கு சரி. ஆனா கேள்வியிலேயே பதில் இருக்கே. ‘சாய்ஞ்சா கிறீச்’னு எழுதியிருக்கார். தரை கிறீச்சிடாது சார், மூட்டுதான் கிறீச்சிடும்.

அப்பாவோட தச்சுப் பட்டறையில வளர்ந்தவ நான். ரிப்பேருக்கு வர்ற நாற்காலியில பத்துக்கு எட்டு இதே இடத்துல விட்டுத்தான் வரும்: பக்கச் சட்டம் பின்காலோட சேர்ற மூட்டு. காரணம் எளிசு. நாம சாயறது இருக்கைக்கு மேல 45 செ.மீ. உயரத்துல. அதைத் தாங்குறது கழுந்து, அதாவது காலோட துளைக்குள்ள போய் உக்கார்ற சட்டத்து முனை. அதோட உயரம் 4 செ.மீ. இருந்தா பெரிசு. கடப்பாரையைப் போட்டு நெம்புற மாதிரிதான் ஒவ்வொரு தடவையும். அதுவும் முன்னங்காலைத் தூக்கி ரெண்டு கால்ல ஊஞ்சல் ஆடுற ஆள் வீட்டுல இருந்தா கேக்கவே வேணாம். (இருக்காங்களா?)

காலை மட்டும் அறுத்துடாதீங்க. குரங்கு அப்பம் பங்கு வெச்ச கதைதான். இந்தக் காலைக் கொஞ்சம், அந்தக் காலைக் கொஞ்சம்னு அறுத்து, கடைசியில குழந்தைங்க உக்கார்ற உயரத்துல வந்து நிக்கும், அப்பவும் ஆடும். மூட்டு தளர்ந்திருக்கிற நாற்காலிக்குக் கால் நீளம்னு ஒண்ணு கிடையாது, உக்கார்ற ஆளைப் பொறுத்து மாறும்.

எல் பட்டையும் வேணாம், இரும்புக்கை கோவிச்சுக்காதீங்க. அலமாரிக்கு, ஸ்டூலுக்கு போடலாம். நாற்காலி மூட்டுல போட்டா உள்ள கழுந்து அசைஞ்சுகிட்டேதான் இருக்கும். பட்டையோட ஸ்குரூ நாளாவட்டத்துல ஓட்டையைப் பெரிசாக்கும். பிறகு சரிபண்ண வர்றவங்களுக்கு மரமே மிச்சம் இருக்காது.

முதல்ல இதைச் செஞ்சுட்டு வந்து சொல்லுங்க. நாற்காலியைக் கட்டில் மேல தலைகீழா வெச்சு, இருக்கையை முழங்காலால அழுத்திக்குங்க. ஒரு கையால ஒரு காலை மட்டும் பிடிச்சு மெல்ல ஆட்டுங்க. இன்னொரு கையோட விரலை மூட்டு மேல, பாதி காலிலும் பாதி சட்டத்திலும் படற மாதிரி வைங்க. கண்ணுக்குத் தெரியாத அசைவு விரலுக்குத் தெரியும். நாலு மூலையும் இப்படிப் பாருங்க. மூட்டு ஓரத்துல பாலிஷ் படாத வெளிறின கோடு தெரியுதான்னும் பாருங்க. தெரிஞ்சா கழுந்து வெளிய வந்திருக்குன்னு அர்த்தம், ஏன்னா பாலிஷ் அடிச்சப்போ அந்த இடம் உள்ள இருந்துச்சு.

நாலாவதுகால்:

பார்த்தேன். வலது பக்கச் சட்டம் பின்காலில் சேரும் இடத்தில், நீங்கள் சொன்னபடியே வெளிறிய கோடு. ஒரு அட்டையின் கனம் இருக்கும். விரல் வைத்தால் நன்றாகவே அசைகிறது. இடது பக்கம் கோடு இல்லை, ஆனால் விரலுக்கு ஏதோ தெரிகிறது. முன்பக்க மூட்டுகள் இரண்டும் கல் மாதிரி இருக்கின்றன. இருக்கைக்கு அடியில் மூலைகளில் முக்கோணமாக நாலு கட்டைகள் இருப்பதே இன்றைக்குத்தான் தெரியும். வலது பின்மூலைக் கட்டையின் ஸ்குரூ முறுக்கினால் சும்மா சுற்றுகிறது.

முன்னங்காலைத் தூக்கி ஆடும் ஆள் நான்தான்.

உளிச்சத்தம்:

நினைச்சேன்.

அப்படின்னா பின்பக்க ரெண்டு மூட்டையும் பிரிச்சுத் திரும்பப் பசை போடணும். ஒரு பக்கம் மட்டும் பிரிக்கிறது கஷ்டம், இடதும் சீக்கிரமே விடப்போகுது. முன்பக்கம் கல்லா இருக்குன்னா தொடாதீங்க. நல்லா இருக்கிற மூட்டைப் பிரிக்கிறது நம்ம வேலை இல்ல.

முதல் வேலை ஆணி. தலை மேல தெரிஞ்சா குறடால பிடிச்சு, லேசா திருகிக்கிட்டே இழுங்க. சுத்தியலோட பின்பக்கத்தால நெம்புறதா இருந்தா அடியில மெல்லிசா ஒரு பலகைத்துண்டு வைங்க, இல்லேன்னா மரத்துல நிலாப்பிறை மாதிரி குழி விழும். ஆணி உள்ள இருக்கிறவரை மூட்டைத் தட்டவே கூடாது. ஆணி கழுந்தைக் குறுக்கே பிடிச்சிருக்கும், நீங்க தட்டினா கழுந்து பிளந்துடும்.

அப்புறம் சுண்ணக்கட்டியால மூட்டுக்கு மூட்டு ஒரே எண்ணைப் போடுங்க, காலில் 1 சட்டத்தில் 1, காலில் 2 சட்டத்தில் 2ன்னு. எல்லாம் ஒரே மாதிரிதான் இருக்கும்னு தோணும், இருக்காது. மூலைக்கட்டைங்களையும் சேர்த்துக்குங்க.

இருக்கையைக் கழட்டுங்க, அடியில இருந்து ஸ்குரூதான் போட்டிருப்பாங்க. பின்மூலைக் கட்டை ரெண்டையும் எடுத்துடுங்க. மூட்டுக்குப் பக்கத்துல ஒரு கட்டையை வெச்சு அந்தக் கட்டை மேல தட்டுங்க. மரச்சுத்தியல் இருந்தா நல்லது, இல்லேன்னா சாதா சுத்தியல் தலையில துணி சுத்திக்குங்க. ஒரே பக்கமா தட்டிக்கிட்டே போகாம வலது, இடது, வலதுன்னு மாத்தி மாத்தி. பின்பக்கம் முழுசா ஒரே துண்டா கழண்டு வரும்.

இப்பதான் முக்கியமான இடம். முக்கால்வாசிப் பேர் இங்கதான் கோட்டை விடுறாங்க. பழைய பசை மேல புதுப் பசை பிடிக்காது. மர வேலைக்குப் போடற வெள்ளைப் பசை மரத்தோட நாருக்குள்ள ஊறித்தான் பிடிக்கும். காய்ஞ்ச பசை அந்த நாரை அடைச்சுகிட்டு இருக்கு, புதுசு எங்க போய் ஊறும்? அதனால கழுந்திலும் துளையிலும் மரம் தெரியறவரை சுரண்டணும். வெந்நீர்ல நனைச்ச துணியைச் சுத்தி அரை மணி வெச்சா பழைய வெள்ளைப் பசை இளகும், வினிகர் கலந்தா இன்னும் சீக்கிரம். உளியைச் செங்குத்தாப் பிடிச்சு சுரண்டுங்க, வெட்டாதீங்க. கழுந்து இளைச்சுடக் கூடாது. நீங்க விட்ட சூப்பர் குளூ வெந்நீருக்கு அசையாது, அதுக்கு அசிட்டோன்ல நனைச்ச பஞ்சு. நகப்பூச்சு அழிக்கிற திரவத்துல பலதும் அசிட்டோன்தான். பாலிஷ் மேல பட்டா பாலிஷும் போயிடும், பார்த்து. ஜன்னலைத் திறந்து வெச்சுக்குங்க, அடுப்புப் பக்கத்துல வேணவே வேணாம். எல்லாம் முடிஞ்சதும் மரத்தோட ஈரம் ஒரு நாள் காயட்டும்.

காய்ஞ்சதும் பசை இல்லாம மாட்டிப் பாருங்க. கையால அழுத்தினா போகணும், கவிழ்த்தா தானா விழக் கூடாது. அதுதான் அளவு. தொளதொளன்னு இருந்தா பசை காப்பாத்தாது. வெள்ளைப் பசை இடைவெளியை நிரப்புற சாமான் இல்ல, ஒட்டி நிக்கிற ரெண்டு மரத்தைத்தான் பிடிக்கும். எங்கப்பா இழைப்புளியில ஒரு தள்ளு தள்ளி, சுருண்டு விழற சீவலை எடுத்து, நீவி, கழுந்தோட கன்னத்துல, அதாவது தட்டையான பக்கத்துல, பசை வெச்சு ஒட்டுவார். காய்ஞ்சதும் உப்புத்தாள்ல தேய்ச்சு அளவுக்குக் கொண்டுவருவார். எங்க பட்டறையில அதுக்குப் பேரு ‘சட்டை போடறது’. இழைப்புளி இல்லேன்னா மெல்லிசான மரத்தகடு எதுவா இருந்தாலும் சரி. காகிதம் மட்டும் வேணாம்.

இதுக்குப் பதிலா சிலர் மூட்டைத் தண்ணியில ஊற வைக்கச் சொல்வாங்க. ஊறினா மரம் குறுக்குவாட்டுல உப்பும், அன்னிக்கு மூட்டு இறுகிட்ட மாதிரி இருக்கும். ஆனா துளைக்குள்ள உப்ப இடமில்லாம நாரெல்லாம் நசுங்கிடும். காய்ஞ்ச பிறகு முன்னைவிட இளைச்சுப் போய் நிக்கும்.

விரிசலை மறந்துட்டுப் போயிடாதீங்க. கத்தி முனையால விரிசலை லேசா திறந்து பிடிச்சு, தண்ணி கலந்த பசையை உள்ள ஓட விட்டு, இறுக்கி ஒரு நாள் விட்டுடுங்க. மூட்டுக்குப் பசை போடற நாளும் இந்த நாளும் வேற வேறயா இருக்கட்டும்.

கடைசிக் கட்டம். கழுந்துக்கும் துளைக்கும் ரெண்டு பக்கமும் பசையை மெல்லிசா தடவி மாட்டுங்க. பெரிய கிளாம்ப் வீட்டுல இருக்காது, வேணவும் வேணாம். கயிறு போதும். இருக்கை உயரத்துல நாலு காலையும் சேர்த்து ரெண்டு சுத்து சுத்திக் கட்டி, கயிறுக்கு நடுவுல ஒரு குச்சியை விட்டு முறுக்குங்க. கயிறு படற மூலையில துணி மடிச்சு வைங்க. மூட்டு ஓரத்துல பசை முத்து முத்தா வெளிய வந்தா போதும், அதுக்கு மேல முறுக்காதீங்க. பசை முழுக்க வெளிய வந்துட்டா உள்ள ஒண்ணும் இருக்காது. பிதுங்கினதை ஈரத்துணியால உடனே துடைச்சுடுங்க.

பசை ஈரமா இருக்கும்போதே ரெண்டு பரிசோதனை. ஒண்ணு, எதிரெதிர் மூலைகளைக் குறுக்கா அளந்தா ரெண்டும் ஒரே அளவு வரணும். ரெண்டு, நாற்காலியை மட்டமான இடத்துல நிறுத்தி நாலு காலும் படுதான்னு பாருங்க. படலேன்னா கையால திருகிச் சரிபண்ண இந்த ஒரு சில நிமிஷம்தான் உண்டு. அப்புறம் இருக்கை மேல கனமா எதையாவது வெச்சு 24 மணி நேரம் தொடாதீங்க.

சும்மா சுத்துற ஸ்குரூவுக்கு: ஓட்டையில பசை விட்டு மரத் தீக்குச்சி ரெண்டு மூணு, மருந்துத் தலையை ஒடிச்சுட்டு, திணிங்க. காய்ஞ்சதும் மட்டமா வெட்டிட்டு அதே ஸ்குரூவைப் போடுங்க. பிடிக்கும்.

புத்தகப்புழு:

அக்கா, குறுக்கே வருவதற்கு மன்னிக்கவும். என் புத்தக அலமாரி பார்ட்டிகிள் போர்டு. முன்பின் ஆடவில்லை, இடவலமாகச் சாய்ந்து சாய்ந்து நிமிர்கிறது. இதற்கும் கயிறும் பசையுமா?

உளிச்சத்தம்:

இல்ல தம்பி. பின்னாடி அட்டை மாதிரி மெல்லிசா ஒரு பலகை இருக்கும், அதை எட்டிப் பாருங்க. ஆணி விட்டிருக்கும், இல்ல மாட்டும்போதே ‘இது எதுக்கு’ன்னு விட்டிருப்பீங்க. அலமாரியை நிமிர்த்தி வெச்சிருக்கிறதே அதுதான். நாலு சட்டம் சேர்ந்த கட்டம் எப்பவும் சாயப் பாக்கும், முதுகுப்பலகை இருந்தாத்தான் சாயாது. புத்தகத்தையெல்லாம் இறக்கிட்டு, மூலைக்கு மூலை குறுக்கா அளந்து ரெண்டும் சமமாகிறவரை தள்ளி, அப்படியே வெச்சு முதுகுப்பலகையைச் சுத்திலும் 10 செ.மீ.க்கு ஒண்ணா சின்ன ஆணியால அடிங்க. பிறகு மேல்பக்கத்தைச் சுவரோட ஒரு பட்டையால பிணைச்சுடுங்க, குழந்தைங்க ஏறினா ஆபத்து. அடிப்பலகை தண்ணி பட்டு உப்பியிருந்தா அதை மாத்தத்தான் வேணும், உப்பின பார்ட்டிகிள் போர்டு பழையபடி ஆகாது.

இரும்புக்கை:

கோபம் இல்லை. ஆனால் என் எல் பட்டை நாற்காலி நாலு வருடமாக நிற்கிறது என்பதையும் பதிவு செய்கிறேன்.

உளிச்சத்தம்:

நிக்கட்டும். அதுல யாரும் உக்கார்றாங்களா?

நாலாவதுகால்:

முடித்துவிட்டேன். ஐந்து நாள் ஆனது.

ஆணி எடுக்கவே முதல் நாள் போய்விட்டது. பிரித்துப் பார்த்தால் கழுந்தில் நான் விட்ட சூப்பர் குளூ கண்ணாடித் துண்டு போல உடைந்து ஒட்டிக்கொண்டிருந்தது. அதற்கு அடியில் பழைய பசை மஞ்சளாக, ஒரு பக்கம் மட்டும். மறுபக்கம் வெறும் மரம்! 11 வருடம் அரைக் கன்னத்துப் பசையில்தான் உட்கார்ந்திருக்கிறோம்.

இடது கழுந்து கையால் அழுத்தியதும் போனது. வலதுக்குச் சட்டை போட வேண்டியிருந்தது. சீவலுக்கு இழைப்புளி இல்லாததால் உடைந்த அடிக்கோலின் மரத்தைக் கத்தியால் சீவினேன். முதல் தடவை கனமாகிவிட்டது, நுழையவில்லை. தேய்த்துத் தேய்த்து அளவுக்குக் கொண்டுவர ஒரு மாலை முழுக்கப் போனது.

ஒரு தப்பு நடந்தது. கயிற்றை முறுக்கிய உற்சாகத்தில் மட்டம் பார்க்க மறந்து கை கழுவப் போய்விட்டேன். திரும்பி வந்தால் முன் இடது கால் தரையைத் தொடவில்லை. கயிற்றைத் தளர்த்தி, முதுகைப் பிடித்துத் திருகி, நாலு காலும் பட்ட பிறகு திரும்பக் கட்டினேன். பசை அதற்குள் இழுபட ஆரம்பித்திருந்தது. இன்னும் ஐந்து நிமிடம் போயிருந்தால் அப்படியே நின்றிருக்கும். இருக்கை மேல் அகராதி மூன்று தொகுதி, தையல் இயந்திரத்தின் தலை.

மறுநாள் காலை அப்பா வந்து பார்த்துவிட்டு, “ஏன்டா கட்டிப் போட்டிருக்கே, ஓடியா போயிடும்?” என்றார்.

நேற்றிலிருந்து அதில்தான் உட்காருகிறார். சத்தம் இல்லை. ஆணி அடித்த ஓட்டை மட்டும் வெளிப்பக்கம் கறுப்பாகத் தெரிகிறது. மரத்தூளில் பசை கலந்து அடைக்கலாமா?

உளிச்சத்தம்:

அடைக்கலாம், ஆனா பசை கலந்த தூள் காய்ஞ்சதும் சுத்தி இருக்கிற மரத்தைவிடக் கறுப்பா தெரியும், பாலிஷும் அதுல ஏறாது. பாலிஷ் நிறத்துக்கு மெழுகுக்குச்சி கிடைக்கும், அதைத் தேய்ச்சு நிரப்புங்க. மூட்டு நின்னிருக்குல்ல, நிறம் மெதுவா பார்த்துக்கலாம்.

மீதி அஞ்சு நாற்காலியையும் விரல் வெச்சுப் பாருங்க. ஒரே நாள்ல ஒரே கை போட்ட பசையா இருக்கும்.

நாலாவதுகால்:

பார்த்தேன். மூன்றாவதில் ஒரு மயிரிழைக் கோடு. கயிற்றை இன்னும் உள்ளே எடுத்து வைக்கவில்லை.